ஓகே குடுத்துட்டேன் சார்

2019 ஜூன் மாதம் சாம்சங்கின் அமெரிக்க வாடிக்கையாளர் உதவிப் பிரிவு உலகத்துக்கு ஓர் அருள்வாக்கு சொன்னது. வைஃபையில் இணைத்த டிவியா? அப்படியானால் சில வாரங்களுக்கு ஒருமுறை அதில் வைரஸ் இருக்கிறதா என்று சோதித்துக்கொள்ளுங்கள். எப்படிச் சோதிப்பது என்று ட்விட்டரில் ஒரு சின்ன வீடியோவும் போட்டார்கள். ரிமோட்டை எடுத்து, செட்டிங்ஸுக்குள் போய், அதற்குள் இன்னொரு பட்டியலில் இறங்கி, அங்கிருந்து மற்றொன்றில் நுழைந்து, பன்னிரண்டு தடவைக்கு மேல் பொத்தானை அமுக்கினால் 'ஸ்கேன்' என்ற சொல் கண்ணில் படும். லட்ச ரூபாய் டிவி வாங்கியவருக்கு இப்படி ஒரு வீட்டுப்பாடம். "ஏங்க, அப்ப டிவிக்கும் வைரஸ் வருமா?" என்று ஜனங்கள் கேட்க ஆரம்பித்ததும் அந்தப் பதிவு காணாமல் போனது. வைரஸை நீக்குவதைவிட ட்வீட்டை நீக்குவது சுலபம்.

டிவிக்கு வைரஸ் வருமா என்றால், வராமல் என்ன செய்யும்? உள்ளே இருப்பது கம்ப்யூட்டர். பிராசசர், மெமரி, ஆண்ட்ராய்டோ டைசனோ வெப்ஓஎஸ்ஸோ ஏதோ ஓர் இயங்குதளம், எந்நேரமும் இணைய இணைப்பு. 2016 கிறிஸ்துமஸ் சமயத்தில் அமெரிக்காவில் ஒரு வீட்டில் பழைய எல்ஜி டிவி ஒன்று திடீரென்று போலீஸ் உடுப்பு மாட்டிக்கொண்டது. சினிமா பார்ப்பதற்காக ஏதோ ஆப்பை இறக்கியிருந்தார்கள். 500 டாலர் கட்டினால்தான் திரையை விடுவோம் என்று அதிகார தோரணையில் அறிவிப்பு. கம்பெனியைக் கூப்பிட்டால் சரிசெய்ய 340 டாலர் ஆகும் என்றார்கள். பிடித்து வைத்தவன் ஐந்நூறு கேட்கிறான், மீட்டுத் தருகிறவர் முந்நூற்று நாற்பது கேட்கிறார்; பேரம் படிந்துவிடும் தூரம்தான். விஷயம் ஊர் சிரித்த பிறகுதான், இன்ன பொத்தானை இப்படி அமுக்கினால் டிவி பழைய நிலைக்குத் திரும்பும் என்ற தேவரகசியம் வெளியே வந்தது. 2018-ல் ஏடிபி.மைனர் என்று ஒன்று கிளம்பியது. பொறியாளர்கள் பழுது பார்ப்பதற்காக வைத்த 5555 என்ற வாசலை மூடாமலே விற்றுவிட்ட ஆண்ட்ராய்டு பெட்டிகளுக்குள் புகுந்து மொனேரோ நாணயம் தோண்டியது. கரண்ட் பில் உங்களுக்கு, நாணயம் அவனுக்கு. வாசலைத் திறந்து போட்டு விற்றவனுக்கு அடுத்த மாடல் விற்பனைக்கு வந்துவிட்டது.

இவையெல்லாம் வெளியே இருந்து வந்தவை. ஆலையிலேயே பிறந்து வருவது இன்னொரு ரகம். சாதா டிவியை ஸ்மார்ட் ஆக்குகிறேன் என்று இரண்டாயிரத்துக்கும் மூவாயிரத்துக்கும் ஆண்ட்ராய்டு பெட்டி விற்கிறார்களே, அதில் டி95 என்று ஒன்றை ஆன்லைனில் வாங்கிய கனடாக்காரர் ஒருவர் 2023 ஜனவரியில் அதைக் குடைந்து பார்த்தார். வைரஸை அவர் எங்கேயும் போய்ப் பிடித்துவரவில்லை. டேப் பிரிக்காத அட்டைப்பெட்டிக்குள் அதுவும் சேர்ந்தே வந்திருந்தது. அதே வம்சத்தில் வந்ததுதான் பேட்பாக்ஸ் 2.0. 2025 ஜூனில் எஃப்பிஐ எச்சரிக்கை விட்டது. ஜூலையில் கூகுள் நியூயார்க் நீதிமன்றத்துக்குப் போனது. வழக்கில் சொல்லப்பட்ட கணக்கு ஒரு கோடிக் கருவிகளுக்கு மேல். இந்தப் பெட்டி உங்களுக்குப் படம் காட்டிக்கொண்டே பின்பக்கமாக உங்கள் இணைய இணைப்பை வாடகைக்கு விடும். எங்கோ ஒருவன் செய்யும் மோசடி உங்கள் வீட்டு முகவரி வழியாகப் போகும். நாளைக்கு சைபர் கிரைம் போலீஸ் தேடிக்கொண்டு வந்தால் அவர்கள் கையில் இருப்பது உங்கள் ஐபி எண்.

டொரன்டோவிலும் லண்டனிலும் பாரிஸிலும் எத்தனையோ தமிழ் வீடுகளில் ஊர்ச் சேனல் பார்ப்பதற்கென்றே ஓர் ஐபிடிவி பெட்டி இருக்கும். அம்மம்மாவின் சீரியலுக்குப் பின்னால் இன்னும் யார் யாருடைய காரியம் ஓடுகிறது என்பது விற்ற கடைக்காரருக்கும் தெரியாது. திருட்டு செல்போனை வாங்கி விற்றால் நம்மூரில் வழக்கு உண்டு. வைரஸ் ஏற்றிய பெட்டியை ஐந்து நட்சத்திர மதிப்புரையோடு, ஒரே நாள் டெலிவரியில், கமிஷன் பிடித்துக்கொண்டு விற்றால் அது ஈ-காமர்ஸ். பொருள் விஷம் என்று தெரிந்ததும் பக்கத்தைத் தூக்கிவிடுவார்கள். வாங்கிய கமிஷனைத் தூக்கிக் கொடுக்கச் சொல்ல ஆளில்லை.

இருக்கட்டும். இவர்களைத் திட்டுவதில் ஆபத்தில்லை, முகமில்லாதவர்கள். கூகுளின் வழக்கிலேயே பிரதிவாதிகள் 'பெயர் தெரியாத 25 பேர்' என்றுதான் இருக்கிறார்கள். முகமுள்ளவர்களிடம் வருவோம்.

கேட்காமல் வருவது. கண்ணுக்குத் தெரியாமல் ஓடுவது. உள்ளே நடப்பதை வெளியே அனுப்புவது. அதில் யாரோ காசு பார்ப்பது. நிறுத்தப் போனால் எங்கே இருக்கிறது என்றே தெரியாதபடி ஒளிந்திருப்பது. கம்ப்யூட்டர் வகுப்பில் வைரஸுக்குச் சொல்லிக்கொடுத்த குணங்கள் இவைதானே? இவற்றை வைத்துக்கொண்டு உங்கள் கூடத்து டிவியைச் சோதித்துப் பாருங்கள். சாம்சங் சொன்ன ஸ்கேனில் இது அகப்படாது. இதற்குப் பெயர் ஏசிஆர். திரையில் என்ன ஓடுகிறது என்பதை டிவி தானே அடையாளம் கண்டு முதலாளிக்குச் சொல்லும் ஏற்பாடு. இது வைரஸ் பட்டியலில் வராது, கம்பெனியின் வருமானப் பட்டியலில் வரும்.

அமெரிக்காவில் விசியோ என்று ஒரு டிவி கம்பெனி. 2014 பிப்ரவரியில் தொடங்கி ஒரு கோடியே பத்து லட்சம் டிவிகளில், எந்த வீட்டில் எது ஓடுகிறது என்பதை நொடிக்கு நொடி எடுத்தது. கேபிள், டிவிடி, செட்டாப் பாக்ஸ் என்று எந்த வழியாகப் படம் வந்தாலும் எடுத்தது. புது டிவிகளோடு நிற்கவில்லை. ஏற்கெனவே விற்றுப் பணமும் எண்ணி முடித்த பழைய டிவிகளுக்குள்ளும் தூரத்திலிருந்தே இதை ஏற்றிவிட்டது. எடுத்ததை ஐபி முகவரியோடு சேர்த்து விற்றது. வாங்கியவர்கள் அதனுடன் வயது, வருமானம், கல்யாணம் ஆனவரா, என்ன படிப்பு, சொந்த வீடா என்பதையெல்லாம் ஒட்டிக்கொள்ள வழிசெய்து கொடுத்தது. இவ்வளவுக்கும் மெனுவில் வைத்த பெயர் 'ஸ்மார்ட் இன்டராக்டிவிட்டி'. 2017 பிப்ரவரியில் அரசு பிடித்தது. அபராதம் 22 லட்சம் டாலர். கணக்குப் போட்டால் டிவி ஒன்றுக்கு இருபது சென்ட்.

இருபது சென்ட் கட்டிய கம்பெனி திருந்தி, தலை குனிந்து, வெறும் டிவி விற்கப் போயிருக்கும் என்று நினைக்கிறீர்களா? 2021 ஜூலை முதல் செப்டம்பர் வரையிலான காலாண்டில் டிவி விற்றுக் கிடைத்த மொத்த லாபத்தைவிட விளம்பரத்திலும் தரவிலும் இரண்டு மடங்குக்கு மேல் சம்பாதித்திருந்தது. 2024-ல் வால்மார்ட் அதை 230 கோடி டாலருக்கு வாங்கிக்கொண்டது. பல்லைப் பிடுங்கிய தண்டனை என்றார்கள். லைசென்ஸ் ஃபீஸ் என்று சொல்லியிருக்கலாம்.

மற்றவர்கள் புத்தி தெளிந்தவர்கள்; முதலில் ஒப்புதல் வாங்கிவிடுகிறார்கள். எல்ஜியில் 'லைவ் பிளஸ்', சாம்சங்கில் 'வியூயிங் இன்ஃபர்மேஷன் சர்வீசஸ்'. பெயரைக் கேட்டால் வேண்டாமென்று சொல்லவே மனசு வராது. 2024-ல் லண்டனிலும் கலிஃபோர்னியாவிலும் மாட்ரிட்டிலும் உள்ள பல்கலைக்கழக ஆய்வாளர்கள் இந்த இரண்டு கம்பெனி டிவிகளிலிருந்து என்னென்ன வெளியே போகிறது என்று உட்கார்ந்து கவனித்தார்கள். லேப்டாப்பை எச்டிஎம்ஐ வயரில் சொருகி, டிவியை வெறும் திரையாக வைத்துக்கொண்டாலும் ஏசிஆர் ஓடிக்கொண்டிருந்தது. நெட்ஃபிளிக்ஸ், யூடியூப் ஆப்களைப் பார்க்கும்போது மட்டும் அடங்கியிருந்தது. என்ன மரியாதை பாருங்கள்! பெரிய இடத்துச் சரக்கு என்றால் கண்ணை மூடிக்கொள்ளும். உங்கள் லேப்டாப்பில் ஓடுகிற ஆபீஸ் மீட்டிங்கோ, ஸ்கேன் ரிப்போர்ட்டோ, மச்சான் கல்யாண வீடியோவோ என்றால் கண்ணைத் திறந்துகொள்ளும். 2025 டிசம்பரில் டெக்சஸ் மாநில அட்டர்னி ஜெனரல் கென் பாக்ஸ்டன், சோனி, சாம்சங், எல்ஜி, ஹைசென்ஸ், டிசிஎல் என்று ஐந்து பேர்மீதும் வழக்குப் போட்டார். 500 மில்லிசெகண்டுக்கு ஒருமுறை திரையைப் பிடிக்கிறார்கள் என்பது குற்றச்சாட்டு. நொடிக்கு இரண்டு. இதற்குத் தொழில்துறை வழக்கமாகச் சொல்லும் சமாதானம் ஒன்று உண்டு: நாங்கள் படத்தை அனுப்புவதில்லை, படத்தைச் சுருக்கி எடுத்த அடையாளக் குறியைத்தான் அனுப்புகிறோம். தாலியை அப்படியே விற்கவில்லை எசமான், உருக்கித்தான் விற்றோம்.

பழைய பாக்கிகளும் இருக்கின்றன. 2013-ல் ஒரு பிரிட்டிஷ்காரர் தன் எல்ஜி டிவி, பார்க்கும் சேனல்களோடு பென் டிரைவில் இருந்த ஃபைல்களின் பெயர்களையும் வெளியே அனுப்புவதைக் கண்டுபிடித்தார். அனுப்பாதே என்று மெனுவில் அணைத்து வைத்த பிறகும் அனுப்பியது. 2015-ல் சாம்சங்கின் தனியுரிமை அறிக்கையில், டிவியின் குரல் வசதிக்கு முன்னால் அந்தரங்கமான விஷயம் பேசினால் அதுவும் மூன்றாம் தரப்புக்குப் போகும் என்று எழுதியிருந்ததை யாரோ படித்துத் தொலைத்துவிட்டார்கள். 2017 மார்ச்சில் விக்கிலீக்ஸ் வெளியிட்ட சிஐஏ ஆவணங்களில் 'வீப்பிங் ஏஞ்சல்' என்று ஒரு திட்டம்: சாம்சங் எஃப்8000 டிவியை அணைத்ததுபோல் பாவனை செய்ய வைத்து, அறையில் பேசுவதைப் பதிவது. இரண்டு ஆண்டு கழித்து எஃப்பிஐயின் ஓர் அலுவலகம் மக்களுக்குப் பாதுகாப்பு யோசனை சொன்னது: டிவி கேமராவை அணைக்க முடியாவிட்டால் அதன்மேல் கறுப்பு டேப் ஒட்டிக்கொள்ளுங்கள். வல்லரசின் சைபர் பாதுகாப்பு, பத்து ரூபாய் இன்சுலேஷன் டேப்.

நம்மூரில் அந்த ஒப்புதல் எப்படி வாங்கப்படுகிறது என்று பார்த்திருப்பீர்கள். டிவி வந்து இறங்கிய மறுநாள் டெமோ தம்பி வருவார். டிரில்லிங் மெஷின், நாலு ஸ்குரூ, தோளில் பை. சுவரில் மாட்டி முடித்து, மேலே ஒட்டிய பிளாஸ்டிக்கை உரிக்கப் போவார். "இருக்கட்டும் தம்பி, தூசி அடையாது" என்று பாட்டி தடுப்பார். வைஃபை பாஸ்வேர்டு ரவுட்டரின் அடியில் இருக்கும். பேரன் அதைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு ஓர் எழுத்தைப் பூஜ்யமா 'ஓ'வா என்று குழம்பிக் குழம்பி வாசிப்பான். இணைந்ததும் திரையில் விதிமுறைகள் வரும். பக்கம் பக்கமாக, இங்கிலீஷில், பொடி எழுத்தில். தம்பியின் கட்டைவிரல் ரிமோட்டின் நடுப் பொத்தானில் டக், டக், டக், டக்.

"என்னப்பா அது, ஏதோ வந்துச்சே?"

"ஒண்ணுமில்ல சார். எல்லாத்துக்கும் ஓகே குடுத்துட்டேன்."

அதற்குப் பிறகு எக்ஸ்டெண்டட் வாரண்டி பற்றியும் ஸ்டெபிலைசர் பற்றியும் வரிக்கு வரி நிதானமாக விளக்குவார். அவரைக் குறை சொல்ல எனக்கு வாய் வராது. அடுத்த வீட்டுக்கு ஓடவேண்டும்; ஓடுவதற்கு முன் நம்மிடம் ஐந்து நட்சத்திரம் கேட்டுக் கெஞ்சவும் வேண்டும். ஆனால் பாட்டி, அப்பா, அம்மா, மைனர் பேரன் உட்பட ஒரு குடும்பத்தின் ஒப்புதலைக் கொடுத்தவர், அந்த வீட்டில் ஒரு டம்ளர் காபி ஆறும் நேரம் மட்டும் நின்றவர்.

இந்திய அரசின் 2023 ஆம் ஆண்டு தரவுப் பாதுகாப்புச் சட்டம், ஒப்புதல் எப்படி இருக்கவேண்டும் என்று அடுக்குகிறது: சுதந்திரமானதாக, குறிப்பானதாக, விவரம் அறிந்ததாக, நிபந்தனையற்றதாக, ஐயத்துக்கு இடமில்லாததாக. அரசியல் சாசனத்தின் எட்டாவது அட்டவணையில் உள்ள எந்த மொழியிலும் படிக்க வாய்ப்புத் தரவேண்டும் என்றும் சொல்கிறது, ஆகவே தமிழிலும். படிக்கப் படிக்கக் கண்ணில் நீர் வரும். சட்டம் வந்து இரண்டு ஆண்டு கழித்து, 2025 நவம்பரில் விதிகள் வந்தன. முக்கியக் கடமைகள் கம்பெனிகளைத் தொட அதற்கு மேலும் பதினெட்டு மாதம். அதுவரை தம்பியின் கட்டைவிரலே சட்டம்.

சரி, வந்த பிறகு? அபராதம் 250 கோடி ரூபாய் வரை போகலாம், அதெல்லாம் பிரமாதம். அந்தப் பணம் முழுக்க இந்தியாவின் தொகுப்பு நிதிக்குப் போகும். வேவு பார்க்கப்பட்டது உங்கள் கூடம், கஜானா டெல்லியில். பழைய தகவல் தொழில்நுட்பச் சட்டத்தில் 43ஏ என்று ஒரு பிரிவு உண்டு. கம்பெனியின் அலட்சியத்தால் தகவல் போய் நஷ்டப்பட்டவர் இழப்பீடு கேட்க அதில் வழி உண்டு. புதுச் சட்டம் அதை எடுத்துவிடுகிறது. அரசு தனக்கு வேண்டிய அமைப்புகளுக்கு மொத்தமாக விலக்குக் கொடுத்துக்கொள்ளவும் பிரிவு வைத்திருக்கிறது. இத்தனையையும் மீறி நீங்கள் துணிந்து புகார் எழுதப் போனால், குடிமகனுக்கும் கடமைகள் உண்டு என்று நினைவூட்டுகிறது: பொய்யான, அற்பமான புகார் கொடுத்தால் பத்தாயிரம் ரூபாய் வரை அபராதம். எது அற்பம் என்று முடிவு செய்யப்போவது, பேரனும் பாட்டியும் இல்லை.

2006-ல் தமிழக அரசு 14 அங்குல வண்ணத் தொலைக்காட்சியை இலவசமாகக் கொடுத்தபோது எத்தனை கேலி! ஜனங்கள் இலவசத்துக்கு விலைபோகிறார்கள் என்று சோபாவில் சாய்ந்துகொண்டு வருத்தப்பட்டவர்கள் எத்தனை பேர்! அந்தப் பெட்டியின்மேல் அரசு முத்திரை இருந்தது, உள்ளே ஒற்றன் இல்லை. குடிசைக்காரர் அதில் என்ன பார்த்தார் என்பது குடிசைக்காரருக்குத்தான் தெரியும். 2023-ல் அமெரிக்காவில் டெலி என்ற கம்பெனி 55 அங்குல டிவியை இலவசமாகத் தருகிறேன் என்று வந்தது. கீழே விளம்பரத்துக்கென்றே ஓயாமல் எரியும் இரண்டாவது திரை, கூடவே கேமரா. அதையே வீட்டின் முதன்மை டிவியாக வைத்திருக்க வேண்டும், இணையத்தைத் துண்டிக்கக்கூடாது, மீறினால் டிவியைத் திருப்பித் தரவேண்டும். அவர்களாவது ஒளிவுமறைவில்லாமல் பேசினார்கள், காசும் வாங்கவில்லை. சோபாக்காரர்கள் இன்று ஐம்பதாயிரம் கொடுத்து அதே ஏற்பாட்டைச் சுவரில் மாட்டி, கீழே எல்இடி விளக்கும் போட்டிருக்கிறார்கள்.

வைரஸ் வராமலிருக்க அப்டேட் செய்துகொண்டே இருங்கள் என்பார்கள். சரியான யோசனைதான். எத்தனை வருஷத்துக்கு அப்டேட் வரும் என்று மட்டும் கேட்கக்கூடாது. டிவி பத்து வருஷம் சுவரில் இருக்கும். அதைச் செய்தவன் அதற்கு வெகு முன்பே மறந்துவிடுவான். எவ்வளவு கரண்ட் இழுக்கும் என்று டிவியில் நட்சத்திர லேபிள் ஒட்டத் தெரிந்த நாட்டில், பாதுகாப்பு அப்டேட் எந்த வருஷம் நிற்கும் என்று ஒரு வரி ஒட்ட இடமில்லை. பிரிட்டனில் 2024 ஏப்ரல் முதல் அதைச் சொல்லியாக வேண்டும் என்று சட்டம். ஐரோப்பிய ஒன்றியத்தில் 2027 டிசம்பரிலிருந்து பொதுவாக ஐந்து வருஷமாவது கொடுத்தாக வேண்டும். இங்கே கடைக்காரரிடம் கேட்டால் "அதெல்லாம் தானா வரும் சார்". தானாக வந்ததற்கு ஓர் உதாரணம்: 2025 டிசம்பரில் எல்ஜி டிவி வைத்திருந்தவர்கள் அப்டேட் முடிந்து பார்த்தால் மைக்ரோசாஃப்டின் கோபைலட் முகப்பில் வந்து உட்கார்ந்திருந்தது. அழிக்க வழியில்லை. ஜனங்கள் கத்தித் தீர்த்த பிறகுதான் அழிக்க விடுகிறோம் என்றார்கள். அப்டேட் செய்யாவிட்டால் திருடன் வருவான், செய்தால் விருந்தாளி வருவார், போகச் சொல்லமுடியாது.

செய்யக்கூடியதைச் செய்யுங்கள், வேறு வழியில்லை. செட்டிங்ஸுக்குள் தனியுரிமை, விளம்பரம் என்று எங்கெல்லாம் தட்டுப்படுகிறதோ அங்கெல்லாம் நுழைந்து ஏசிஆர் சமாசாரங்களை அணையுங்கள். அந்த 2024 ஆய்வில், அணைத்த பிறகு அந்த அனுப்புதல் நின்றிருந்தது. டெலிகிராமில் வரும் 'புதுப்படம் ஃப்ரீ' ஆப்பை டிவியில் ஏற்றாதீர்கள். கூகுளின் பிளே புரொடெக்ட் சான்று இல்லாத பெட்டியை, எவ்வளவு மலிவாக இருந்தாலும், வீட்டுக்குள் விடாதீர்கள். ரவுட்டரில் விருந்தினர் இணைப்பு என்று ஒன்று இருக்கும். டிவியை அதில் போட்டு, பேங்க் வேலை பார்க்கும் போனையும் லேப்டாப்பையும் தனியே வையுங்கள். கேபிள் மட்டும் பார்க்கிற வீடென்றால் வைஃபையே கொடுக்காதீர்கள். தையல் மெஷினை மிதித்து மிச்சம் பிடித்து டிவி வாங்கிய ஒரு பெண்மணி இத்தனையையும் ராத்திரி பத்து மணிக்கு உட்கார்ந்து செய்யவேண்டும். ஆயிரக்கணக்கில் பொறியாளர்களை வைத்திருக்கும் கம்பெனி ஆலையிலேயே ஒரு சுவிட்சை அணைத்து அனுப்பாது. பிள்ளையையும் கிள்ளிவிட்டுத் தொட்டிலையும் ஆட்டுகிறவர்கள், தொட்டில் எப்படி ஆட்டுவது என்று நமக்கே வீடியோ போட்டுக் காட்டுகிறார்கள்.

ஏன் அணைத்து அனுப்பவில்லை என்பதையும் அவர்களில் ஒருவரே சொல்லிவிட்டார். விசியோவின் தொழில்நுட்பத் தலைவராக இருந்த பில் பாக்ஸ்டர் 2019-ல் ஒரு பேட்டியில் மறைக்காமல் பேசினார்: டிவி விற்பதில் கிடைப்பது சொற்ப லாபம், ஆறு சதவீதம்போல, டிவியை விற்ற பிறகு அதை வைத்துத்தான் சம்பாதிக்க வேண்டியிருக்கிறது, இதெல்லாம் இல்லாத சாதா டிவி என்றால் விலையைக் கொஞ்சம் கூட்டவேண்டிவரும். அந்தக் 'கொஞ்சம்' எவ்வளவு என்பதை எந்த அட்டைப்பெட்டியிலும் எவரும் அச்சடித்துக் காட்டியதில்லை. எங்களை வேவு பார்க்கும் டிவி இன்ன விலை, பார்க்காத டிவி இன்ன விலை என்று பக்கத்தில் பக்கத்தில் வைத்து விற்கட்டுமே. எது ஓடுகிறது என்று பார்த்துவிடலாம். இந்தத் தீபாவளிக்கு ஷோரூம் போனால் கேட்டுப் பாருங்கள், அண்ணே, வேவு பார்க்காத டிவி இருக்கா, கூடுதலாக் குடுக்குறேன் என்று. டை கட்டிய அந்தத் தம்பி ஒரு விநாடி உங்களை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, "அந்த மாடல் ஸ்டாக் இல்ல சார்; இதுல சவுண்டு பார் ஃப்ரீ, இஎம்ஐ போட்டுரலாமா?" என்பார்.